சேர நாட்டுச் சரக்கு

டெல்டாக்காரர்களுக்குப் பழம் என்றால் கேட்டதும் திறந்துவிட வேண்டும். வாழைப்பழத்துக்குக் காம்பைக் கிள்ளினால் போதும். மாம்பழம் ஒரு கடிக்கு வழிவிடும். கொய்யா, நாவல், இலந்தைக்கெல்லாம் பல் இருந்தால் சரி. பலா ஒன்றுதான் கொஞ்சம் பிகு பண்ணும். அதற்கும் கையில் எண்ணெய் தடவிக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்துவிட்டால், வாசனைக்கே நாலு வீட்டு ஆள் கூடி வேலையை முடித்துவிடும். இப்படி வளர்ந்த ஜனங்களிடம், உடம்பெல்லாம் கண்ணும் தலையெல்லாம் முள்ளுமாக ஒரு பழத்தைக் கொண்டுவந்து நூறு ரூபாய்க்கு மூன்று என்றால் என்ன செய்வார்கள்? வாங்குவார்கள். நூறு ரூபாய்க்கு மூன்று என்றால் எங்கள் குடவாசலில் எதையும் வாங்குவார்கள்.

கும்பகோணம் ரோட்டோரம் ஒரு குட்டியானை வந்து நிற்கும். டிரைவர் வாயே திறப்பதில்லை; வண்டியில் கட்டிய குழாய்தான் பேசும். "அன்னாசி அன்னாசி தேன் அன்னாசி" என்று யாரோ எப்போதோ பேசிவைத்த குரல், மூச்சு வாங்காமல். கிட்டே போனால்தான் டிரைவர் ஒரு வார்த்தை சொல்வார்: "வாழக்குளம் சரக்கு சார்." எர்ணாகுளம் ஜில்லாவில் மூவாற்றுப்புழைக்குப் பக்கத்தில் இருக்கிற ஊர் வாழக்குளம். மொரீஷியஸ் என்கிற ரகம் அங்கே பிரசித்தம். 2009-ல் புவிசார் குறியீடும் வாங்கிவிட்டார்கள். நம் பக்கத்தில் கொல்லிமலையிலும் நல்ல அன்னாசி உண்டு. ஆனால் எங்கள் மண்ணில் கிடையாது. இது களி பூமி. சம்பா நட்டால் தை வரைக்கும் வயலில் தண்ணீர் நிற்கும். அன்னாசி வேரோ தண்ணீர் தேங்கினால் அழுகிவிடுகிற ஜாதி. அதற்கு மழையும் வேண்டும், பெய்த மழை நிற்காமல் ஓடச் சரிவும் வேண்டும். எங்கள் ஊரில் மேடு என்று சொன்னால் இரண்டுதான்: சோழசூடாமணி ஆற்றங்கரை, கோனேசர் கோயில்.

அந்தக் கோயிலைப் பற்றி ஒரு வார்த்தை. அது மாடக்கோயில். கோச்செங்கட் சோழன் கட்டியது என்பார்கள். யானை ஏற முடியாதபடி உயரத்தில் சன்னதி வைத்துக் கட்டுவது அவன் வழக்கம். அவ்வளவு யோசித்த ராஜா, ஒரு காலத்தில் குட்டியானை வரும் என்று மட்டும் யோசிக்கவில்லை.

யோசித்திருக்க வேண்டும். ஏனென்றால் சேர நாட்டோடு இந்த ஊருக்கு ஒரு பழைய கணக்கு பாக்கி இருக்கிறது. அதே கோச்செங்கணான், சேரமான் கணைக்கால் இரும்பொறையைப் போரில் பிடித்து அடைத்துவைத்தது எங்கள் ஊர்ச் சிறையில்தான். குடவாயில் கோட்டம் என்று பெயர். புறநானூற்றில் 74-ஆம் பாட்டின் கீழே இருக்கிற குறிப்பு இந்தக் கதையைச் சொல்கிறது. சேரன் தாகத்துக்குத் தண்ணீர் கேட்டான். காவலாளிகள் உடனே கொடுக்கவில்லை. அப்புறம் சாவகாசமாகக் கொண்டுவந்து நீட்டினார்கள். அவன் வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு, குடிக்காமல், ஒரு பாட்டைச் சொல்லிவிட்டு உயிரை விட்டான். பொய்கையார் 'களவழி நாற்பது' பாடி அவனை மீட்டுவிட்டார் என்று இன்னொரு கதையும் உண்டு. வெளியூர்க்காரர்கள் கேட்டால் நாங்கள் அதைத்தான் சொல்வோம். ஆனால் உள்ளூர நாங்கள் அறிவோம், ஒரு சொம்பு தண்ணீரை நேரத்துக்குக் கொடுக்காத ஊர் இது. இத்தனை நூற்றாண்டு கழித்து, அதே சேர நாட்டிலிருந்து வண்டி வண்டியாக ஒரு பழம் வந்து இறங்குகிறது. உள்ளே சாறு ததும்புகிறது. கையில் வாங்கியும் ஆயிற்று. தின்ன மட்டும் முடியவில்லை. நீயும் கையில் வைத்துக்கொண்டு உட்கார் என்கிறான் சேரன்.

வாங்கும்போதே சோதனை ஆரம்பமாகிவிடும். நடு இலையைப் பிடுங்கிப் பார், லேசாக வந்தால் பழம் என்பது எங்கள் தெருக் கொள்கை. இந்தக் கொள்கையால் பல கொண்டைகள் வழுக்கையாகி நிற்பதை வண்டியில் பார்க்கலாம்; டிரைவர் முகம் சுளிப்பதையும் பார்க்கலாம். இலை வருவதற்கும் இனிப்புக்கும் பெரிய சம்பந்தம் இல்லை. பழத்தைக் கவிழ்த்து அடிப்பக்கம் மோந்து பார்ப்பதுதான் சரி. வாசனை வந்தால் பழம், வராவிட்டால் காய், புளித்த கள் வாடை அடித்தால் டிரைவரிடமே பத்திரமாகத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். கனம் இருக்க வேண்டும். அடியில் பூஞ்சணம் இருக்கக் கூடாது. அவ்வளவுதான் சாஸ்திரம்.

அதைவிடப் பெரிய நம்பிக்கை ஒன்று எங்கள் அம்மாவுக்கு உண்டு. காயாக வந்துவிட்டால் அரிசி டிரம்முக்குள் புதைத்துவைப்பார். "கெடக்கட்டும் தம்பி, தானா பழுக்கும்." வாழைக்காய் பழுக்கும், மாங்காய் பழுக்கும், அவற்றின் உள்ளே இருக்கிற மாவுச்சத்து சர்க்கரையாக மாறும். அன்னாசிக்கு அப்படி மாற உள்ளே கையிருப்பு கிடையாது. இலையிலிருந்து வருகிற சர்க்கரை வந்தால்தான் உண்டு. செடியிலிருந்து வெட்டிய நிமிஷத்தோடு அந்த வரவு நின்றுவிட்டது. அப்புறம் மஞ்சளாகும், மெத்தென்று ஆகும், இனிப்பு மட்டும் ஏறாது. இதை அம்மாவிடம் நான் விளக்கியதுண்டு. "எத்தனை பசங்களுக்கு வாத்தியாரா இருந்த, அவங்கள்ளாம் ஒத்துக்கிட்டாங்களா?" என்று கேட்டார். அரிசி டிரம் வாசனையாக இருக்கிறது என்ற அளவில் நானும் விட்டுவிட்டேன்.

இனி முக்கியமான சட்டப்பிரச்னை. யார் வெட்டுவது?

எங்கள் வீட்டில் அடுப்படி முழுக்க அரிவாள்மனை ராஜ்யம். வாழைப்பூ ஆயலாம், தண்டை நார் எடுத்து நறுக்கலாம், பூசணிக்காயைப் பிளக்கலாம், தேங்காய்கூடத் துருவலாம். என் மனைவி மனையில் ஒரு காலை மடக்கி உட்கார்ந்துவிட்டால் கையில் கிடைத்த எதுவும் தப்பாது. ஆனால் அரிவாள்மனையில் கத்தி நிற்கும், காய்தான் நகர வேண்டும். இரண்டு கையாலும் பிடித்து முன்னால் தள்ளும்போது உள்ளங்கையில் அன்னாசியின் முள் ஏறும். இரண்டு தடவை தள்ளிப் பார்த்துவிட்டு அவள் எழுந்துவிட்டாள். எழும்போது ஒரு சட்டத்தையும் பிறப்பித்தாள்: "ஏங்க, வாங்குனவங்கதான் வெட்டணும்." மேல்முறையீட்டுக்கு அம்மாவிடம் போனேன். அம்மா அந்தச் சமயம் பார்த்து ஜெபமாலையை எடுத்துக்கொண்டார்.

அதனால் கத்திதான். அதிலும் ஒரு சங்கடம். வயலில் அறுப்பு மிஷின் வந்த பிறகு எங்கள் வீட்டில் கூர்மையான ஆயுதமே இல்லாமல் போயிற்று. முன்பு அறுவடைக் காலத்தில் கருக்கரிவாளெல்லாம் தயாராகும், அதோடு சேர்த்து வீட்டுக் கத்திக்கும் ஒரு தீட்டு கிடைக்கும். இப்போது சைக்கிளில் சாணைக்கல் வைத்துக்கொண்டு ஒருவர் எப்போதாவது வருகிறார். அவர் வருகிற அன்றைக்குப் பார்த்து நாம் கல்யாணத்துக்குப் போயிருப்போம். மொண்ணைக் கத்தியோடு அன்னாசியிடம் போகவே கூடாது. அது வழுக்கும், நம் விரல் வழுக்காது. திண்ணைப் படியின் கருங்கல்லில் கத்தியை நாலு இழுப்பு இழுத்துக்கொண்டு உட்கார வேண்டும்.

வெட்டும் முறையில் மூன்று கட்சிகள் உண்டு. முதலாவது அவசரக் கட்சி. தோலை விரல்கனத்துக்குச் சீவித் தள்ளிவிடுவார்கள். கண்ணெல்லாம் அதோடு போய்விடும். தோலை ஒட்டியிருக்கிற நல்ல சதையும் போய்விடும். மூன்று பழம் வாங்கி ஒரு பழம் தின்கிற முறை. பக்கத்து வீட்டு ஆட்டுக்கு இந்தக் கட்சிமேல் அபார மரியாதை.

இரண்டாவது கட்சிக்கு என் பெரியப்பா தலைவர். அவர் கிராம நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வுபெற்றவர். தோலை மெல்லிசாகச் சீவிவிட்டு, கத்தி நுனியால் ஒவ்வொரு கண்ணாகத் தோண்டி எடுப்பார். எடுத்த கண்ணைத் தட்டில் வரிசையாக வைப்பார். ஒரு அன்னாசியில் நூற்றுக்கும் மேலே கண் இருக்கும். காலை டிபனுக்கு ஆரம்பித்தால் பகல் சாப்பாட்டுக்குப் பழம் கிடைக்கும். கிடைக்கும்போது சாறு முழுக்கத் தாம்பாளத்தில் இருக்கும். அளந்து, கல் நட்டு, நோட்டீஸ் கொடுத்து வெளியேற்றினால்தான் அவருக்குத் திருப்தி.

மூன்றாவது கட்சி வண்டிக்காரர்கள் கட்சி. அதில்தான் நானும் இருக்கிறேன். கொண்டையைத் திருகி எறிந்துவிடாதீர்கள், பிடி அதுதான். ஒரு பழைய துணியைக் கொண்டையில் சுற்றிப் பிடித்துக்கொண்டு, அடியைத் தட்டையாக ஒரு வெட்டு. பழம் பலகையில் நேராக நிற்கும். மேலிருந்து கீழே, பழத்தின் வயிற்று வளைவோடு கத்தியும் வளைந்து, மெல்லிசாகத் தோல் சீவ வேண்டும். கண்கள் அப்படியே தங்கட்டும். இப்போது பழத்தை உற்றுப் பாருங்கள். கண்கள் கன்னாபின்னாவென்று இல்லை. சாய்ந்த சாய்ந்த வரிசையாக நிற்கின்றன. ஒரு பக்கம் சாய்ந்து எண்ணினால் பெரும்பாலும் 8 வரிசை, மறுபக்கம் சாய்ந்து எண்ணினால் 13. ஆளைப் பார்த்து மாறுகிற கணக்கில்லை. ஒவ்வொரு கண்ணும் ஒரு காலத்தில் ஒரு தனிப் பூ. ஒரே தண்டில் சுழன்று சுழன்று பூத்த பூக்கள், காயாகும்போது ஒன்றோடொன்று ஒட்டி ஒரே பழமாகிவிட்டன. கூட்டுக்குடும்பம் என்று நாம் சொல்லிக்கொள்கிறோம். பிரிய முடியாத கூட்டுக்குடும்பம் இதுதான்.

அந்தச் சாய்வு வரிசையைக் கத்தி பின்தொடர வேண்டும், அதுதான் முழு ரகசியமும். ஒரு வரிசைக்கு இந்தப் பக்கம் சாய்த்து ஒரு கோடு, அந்தப் பக்கம் சாய்த்து ஒரு கோடு. நடுவில் இருக்கிற கண்வரிசை ஒரு நீள நாடாவாகப் பிரிந்து வரும். அடுத்த வரிசைக்குப் பழத்தைக் கொஞ்சம் திருப்பினால் போதும். முடிக்கும்போது பழம் முழுக்க சுருள் சுருளாகப் பள்ளம் ஓடியிருக்கும், சாறு பள்ளம் வழியாகவே இறங்கி மணிக்கட்டுக்கு வந்து, அங்கிருந்து முழங்கைக்குப் போகும். கடற்கரையில் வண்டியில் விற்கிறவர்கள் இதை நின்றுகொண்டே, அரட்டை அடித்துக்கொண்டே, நம்மிடம் சில்லறையும் வாங்கிக்கொண்டே செய்கிறார்கள். அவர்களிடம் பேரம் பேசுவதை நான் நிறுத்திவிட்டேன்.

அப்புறம்தான் கொண்டை. அதை வெட்டிவிட்டுப் பழத்தை நெட்டுவாக்கில் நாலாகப் பிளக்க வேண்டும். வட்ட வட்டமாக நறுக்குவது படத்துக்கு அழகு, குடும்பத்துக்கு ஆகாது. அன்னாசி அடியிலிருந்து மேலே பழுத்துக்கொண்டு போகும். அடி இனிக்கும், கொண்டைப்பக்கம் புளிக்கும். வட்டமாக வெட்டினால் யாருக்கோ அடி, யாருக்கோ தலை. எங்கள் வீட்டில் தலைவட்டம் யாருக்கு வரும் என்று எனக்குத் தெரியும். நெட்டுவாக்கில் பிளந்தால் எல்லார் பங்கிலும் இனிப்பும் புளிப்பும் சமமாக வரும்.

நறுக்கின துண்டை உப்புத் தண்ணீரில் ஒரு அலசு அலசி எடுப்பது அம்மா முறை. நாக்கு அரிக்காது என்பார். அரிப்புக்குக் காரணம் புரோமெலைன் என்கிற ஒரு சமாச்சாரம். புரதத்தைச் சிதைக்கிற நொதி. நடுத்தண்டில் அது அதிகம். நிறையத் தின்றால் நாக்கு வெந்தமாதிரி ஆவது அதனால்தான். பாலிலோ தயிரிலோ பச்சை அன்னாசியைப் போட்டுவைத்தால் கொஞ்ச நேரத்தில் கசப்பதும் அதே ஆசாமியின் வேலை. சூடு பட்டால் அது அடங்கிவிடும். "கொதி காட்டிட்டுத்தான் தயிர்ல போடணும்" என்று அம்மா சொல்வதற்குப் பின்னால் இருப்பது இந்த விஞ்ஞானம். புரோமெலைன் என்ற பெயரை நான் சொன்னபோது, "பேரு வச்சா அடங்கிருமா?" என்றார். ஜெலட்டின் போட்ட ஜெல்லியும் பச்சை அன்னாசி சேர்ந்தால் உறையவே உறையாது; சைனா கிராஸ் உறையும், அது கடற்பாசி, அதில் சிதைக்கப் புரதம் இல்லை.

நடுத்தண்டை ஆட்டுக்குப் போடுகிறவர்களைப் பார்த்தால் எனக்குப் பரிதாபமாக இருக்கும். அது ரசத்துக்கு. பருப்புத் தண்ணீர், தக்காளி, தட்டிய மிளகு சீரகம், பொடியாக நறுக்கிய நடுத்தண்டு, புளி பேருக்கு. நுரை கட்டும்போது இறக்கிக் கொத்தமல்லி கிள்ளிப்போட்டால் தீர்ந்தது. கும்பகோணம் பக்கத்துக் கல்யாணங்களில் இந்த ரசம் வந்த பிறகுதான் பாயசத்துக்கு முன்னால் டம்ளர் கேட்கிற பழக்கம் வந்தது. கேசரி விஷயம் வேறு. கல்யாணத்து பைனாப்பிள் கேசரியில் ரவை இருக்கும், நெய் இருக்கும், முந்திரி தென்படும், மஞ்சளாகவும் இருக்கும். பைனாப்பிள் பாட்டிலில் வந்து வாசனையாகக் கலந்துவிட்டிருக்கும். பழத்தை வெட்ட வேண்டியதில்லை பாருங்கள்.

வெட்டத் தெரியாமல் தவித்தவர்கள் நாம் மட்டுமில்லை. அமெரிக்கக் கண்டத்துப் பழம் இது. கொலம்பஸ் 1493-ல் குவாடலூப் தீவில் இதைப் பார்த்தார். போர்ச்சுகீசியர்கள் அந்த நூற்றாண்டு முடிவதற்குள் ஒரு வேலை செய்யவில்லை, அடுத்த நூற்றாண்டில் செய்தார்கள்: இந்தியாவுக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். அக்பர் காலத்து 'அயினி அக்பரி'யில் விலைப்பட்டியலே இருக்கிறது. ஒரு அன்னாசி 4 தாம். மாம்பழம் நூறு 40 தாம் வரை. பலாப்பழம் இரண்டு ஒரு தாம். அதாவது ஒரு அன்னாசி வாங்குகிற காசுக்கு எட்டுப் பலாப்பழம் வண்டியில் ஏற்றிக்கொண்டு வரலாம். அந்தக் காலத்து ஆக்ராவில் என் மனைவி இருந்திருந்தால் எந்த வண்டி வீட்டு வாசலில் நின்றிருக்கும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஜஹாங்கீர் தன் தோட்டத்தில் வருஷத்துக்கு ஆயிரக்கணக்கில் காய்க்கிறது என்று பெருமையாக எழுதிவைத்தார். யார் வெட்டினார்கள் என்பதைப் பாதுஷாக்கள் எழுதுவதில்லை.

பதினெட்டாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் இன்னும் சாமர்த்தியம். கண்ணாடிக் கூரைக்குக் கீழே அடுப்பெரித்து வளர்க்க வேண்டிய பழம், விலை தாங்காது. விருந்து வைக்கிறவர்கள் ஒரு நாளைக்கு வாடகைக்கு எடுத்து மேஜை நடுவில் வைப்பார்கள். விருந்தாளிகள் பார்ப்பார்கள், மோப்பம் பிடிப்பார்கள், கலைந்துபோவார்கள். பழம் முழுசாகக் கடைக்குத் திரும்பும். நகைக்கு இந்த ஏற்பாடு நம் பக்கத்திலும் உண்டு. அன்னாசிக்கும் கொண்டுவந்தால் எங்கள் வீட்டில் முதல் சந்தா என்னுடையது. கடைசியில் ஹவாயில் ஜேம்ஸ் டோல் என்கிற முதலாளி 1911-ல் ஹென்றி ஜினாகா என்கிற ஒருவரை வேலைக்கு வைத்து, தோல் சீவி, நடுத்தண்டு குடைந்து, இரண்டு முனையும் நறுக்குகிற மிஷினையே செய்யச் சொன்னார். ஜினாகா செய்துமுடித்தார். பின்னாளில் அது நிமிஷத்துக்கு நூறு பழம் வரை தள்ளியது. பெரியப்பாவிடம் இதைச் சொன்னேன். "கண்ணு நிக்குமே?" என்றார்.

அந்த மிஷினின் பேரப்பிள்ளை ஒன்று எங்கள் வீட்டிலும் இருக்கிறது. சிங்கப்பூரில் இருக்கிற மகள் போன தடவை வந்தபோது கொண்டுவந்தாள். மேலே கைப்பிடி, கீழே வட்டக்கத்தி. கொண்டையை வெட்டிவிட்டுத் திருகு திருகென்று திருகினால் நடுத்தண்டு தனியாக, சதை சுருளாக மேலே வரும். வேடிக்கை பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அதன் வட்டம் ஒரே அளவு, நம் பழங்கள் ஒரே அளவில்லை. குண்டுப் பழத்தில் பாதிச் சதை தோலோடு நின்றுவிடுகிறது. பக்கத்து வீட்டு ஆடு அன்றைக்கு எங்கள் வாசலைவிட்டு நகரவில்லை.

இப்போது மகள் அங்கே புது வீட்டுக்குக் குடிபோயிருக்கிறாள். பால் காய்ச்சுவதை வீடியோவில் காட்டினாள். பால் பொங்கியதும் அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டார். அப்புறம் பார்த்தால் என் மாப்பிள்ளை குனிந்து, வாசலிலிருந்து கூடத்துக்கு ஒரு முழு அன்னாசியைக் கொண்டையோடு உருட்டிக்கொண்டிருக்கிறார். பக்கத்து வீட்டுச் சீன அம்மா கொடுத்தாராம். புது வீட்டுக்குள் அன்னாசியை உருட்டிவிட்டால் அதிர்ஷ்டம் உருண்டு வரும் என்பது அங்கே சீனர்கள் வழக்கமாம்.

"நாம மாட்டை ஓட்டிக்கிட்டுப் போவோம், அவங்க இதை உருட்டுறாங்க. தேவலை, சாணி போடாது" என்றார் அம்மா. அப்புறம் முகத்தைப் போனுக்குக் கிட்டே கொண்டுபோய்க் கேட்டார்:

"உருட்டிட்டாச்சு, சரி. அதை யாரு வெட்டப் போறது?"

"அவருதான் அப்பாயி. அவரு உருட்டுனதுதானே."

என் மனைவி திரும்பி என்னைப் பார்த்தாள்.